முப்பத்தொன்றாவது கல்

சட்டம் இயற்றியவர்களுக்குச் சிலை வைப்பார்கள். சட்டம் இயற்றியே தீர வேண்டும் என்ற நிலைமையைக் கொண்டுவந்தவர்களை யாரும் கண்டுகொள்வதில்லை. நான் இரண்டாவது வகை. ஆடி மாதத்து வெள்ளிக்கிழமை ஒன்றில், திருச்சியில் ஒரு வேப்பமரத்தடியில், முப்பது சொச்சம் ஜனத்தொகை கொண்ட ஒரு சமுதாயத்துக்கு நான் ஒரு புதிய அறத்தைப் பெற்றுக் கொடுத்தேன். அதற்கு நான் செய்ய வேண்டியிருந்ததெல்லாம் ஒரு சின்ன அயோக்கியத்தனம்தான்.

ஒரு தொழிற்சாலையில் ஸ்டோர்ஸ் பிரிவில் காலம் தள்ளி ஓய்வு பெற்றதும், குவார்ட்டர்ஸைக் காலி செய்துவிட்டு ஸ்ரீரங்கத்தில் அம்மா மண்டபம் சாலைப் பக்கம் ஒரு ஃப்ளாட்டுக்குக் குடிவந்தோம், நானும் என் மனைவியும். ஆதார் அட்டையில் மட்டும் நாங்கள் இன்னும் குவார்ட்டர்ஸை விட்டுக் கிளம்பவில்லை. விலாசத்தைப் போனிலேயே மாற்றிவிடலாம் என்று மகன் சொன்னான். முயன்றேன். நான் இயந்திரம் இல்லை, மனிதன்தான் என்று நிரூபிக்கச் சொல்லிப் போன் மூன்று முறை கேட்டது. மூன்று முறையும் தோற்றேன். ஆகவே நேரில் போவது என்று முடிவாயிற்று. ஆற்றைத் தாண்டித் திருச்சிப் பக்கம் ஒரு மையம் இருந்தது. ஒரு நாளைக்கு முப்பது டோக்கன். காலை ஒன்பதரைக்குக் கொடுப்பார்கள்.

வியாழக்கிழமை ஏழு மணிக்கே போய்விட்டேன். வாசலில் ஒரு ஈ காக்கை இல்லை. 'நம்மூர்க்காரன் சோம்பேறி' என்று சந்தோஷப்பட்டுக்கொண்டு, பூட்டிய கேட்டுக்கு முன்னால் முதல் ஆளாகப் போய் நின்றேன்.

எதிர் டீக்கடையிலிருந்து ஒரே குரலாகக் கூச்சல் எழுந்தது.

"சார்! சார்! லைன் இருக்கு!"

"எங்கங்க லைன்? யாரையும் காணோமே?"

"கீழ பாருங்க சார்!"

பார்த்தேன். என் காலடியிலிருந்து வேப்பமரம் வரைக்கும் கற்கள். கருங்கல், செங்கல், உடைந்த டைல்ஸ், ஒரு அம்மிக் குழவியின் பாதி. ஒவ்வொன்றும் ஒரு ஆள். ஆட்கள் டீக்கடையில் உட்கார்ந்திருக்க, அவர்களுக்குப் பதிலாகக் கற்கள் கால் கடுக்க நின்றுகொண்டிருந்தன. எண்ணினேன்: முப்பத்தாறு. பக்கத்தில் தேடிப் பிடித்து முப்பத்தேழாவதாக ஒரு கல் வைத்தேன். அது வீண் என்று எனக்கே தெரியும். இருந்தாலும் அன்று முழுக்க நான் நகரவில்லை. வேலை முடியாத வருத்தத்தைவிட, இது எப்படி நடக்கிறது என்கிற ஆச்சரியம் பெரிதாக இருந்தது. போலீஸ் இல்லை, போர்டு இல்லை, கயிறு இல்லை. வாட்ச்மேன்கூட ஒன்பது மணிக்குத்தான் வருகிறார். அப்படியும் ஒரு கல்லை யாரும் தொடவில்லை. பொங்கலுக்கு ஊருக்குப் போகும் பஸ்ஸில் ஜன்னல் வழியாகக் குழந்தையை உள்ளே போட்டு இடம் பிடிக்கிற அதே ஜனங்கள்தான்.

டீக்கடையில் இரண்டு பேர் எனக்கு இந்த நாகரிகத்தின் வரலாற்றைச் சொன்னார்கள். ஒருவர் தையல் கடை வைத்திருக்கும் பாய். மூன்றாவது நாளாக வருகிறார். இன்னொருவர் ஓய்வு பெற்ற டீச்சர், கழுத்தில் மெல்லிய சிலுவைச் சங்கிலி. நான் போட்ட கேள்விகளுக்கு என்னைப் பெஞ்சு மேல் ஏற்றாமல் பதில் சொன்னதற்கு அவருக்கு நன்றி.

"முதல்ல எல்லாரும் தண்ணி பாட்டில்தான் சார் வச்சாங்க" என்றார் பாய். "ஆடிக் காத்து அடிச்சுதா, பத்து பாட்டிலு ரோட்டுல உருண்டு ஓடுது, பின்னாலயே பத்து பேரு ஓடுறாங்க. அன்னியோட பாட்டில் செல்லாது."

"அப்புறம் செருப்பு வச்சாங்க" என்றார் டீச்சர். "ஒருத்தர் செருப்பை நாய் தூக்கிட்டுப் போயிடுச்சு. அந்த மனுஷன் ஒத்தைச் செருப்போட நின்னு, நாய் பண்ண தப்புக்கு நான் பின்னாடி போகணுமான்னு கேட்டார் பாருங்க. நியாயமான கேள்விதான். யாருக்கும் பதில் தெரியல. அதனால செருப்பும் செல்லாதுன்னுட்டோம்."

"யாரு அப்படிச் சொன்னது? யாரு சட்டம் போட்டது?"

இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். "யாரும் போடல சார். எல்லாருக்கும் தெரியும்."

இன்னும் சில விதிகள் இருந்தன. கல்லை நேரில் வந்துதான் வைக்க வேண்டும், வீட்டு ஆளுக்கும் சேர்த்து வைக்கலாம். வைத்துவிட்டுக் கூப்பிடு தூரத்துக்குள் இருக்க வேண்டும். கர்ப்பிணிக்குக் கல் வேண்டாம், வந்தால் நேராக முன்னால் போகலாம். கைக்குழந்தைக்காரிக்கும் அப்படியே. முதியவர்களுக்கும் அந்தச் சலுகை இருந்ததாம். ஆனால் அங்கே வந்தவர்களில் பாதிப் பேர் திடீரென்று முதியவர்கள் ஆகிவிட்டதால் அதை எடுத்துவிட்டார்களாம். கொண்டுவந்த முதுமையை மறுபடி சுருட்டி வைத்துக்கொண்டு எல்லோரும் நடுத்தர வயதுக்குத் திரும்பிவிட்டதாக டீச்சர் சொன்னார்.

எனக்கு வரிசை என்பதே விநோதமாகப் பட ஆரம்பித்தது. லால்குடிப் பக்கம் நான் சின்னப் பையனாக இருந்தபோது, கடையில் பத்து பேர் நிற்பார்கள். பெரிய வீட்டுக்காரர் வந்தால் பத்து பேரும் தானாக விலகுவார்கள். அவர் வாங்கிக்கொண்டு போவார். அதற்கு மரியாதை என்று பெயர். விலகாமல் நின்றவனுக்குத் திமிர் பிடித்தவன் என்று பெயர். அந்தப் பத்து பேருக்கும் அப்பால், வரிசையில் சேரவே கூடாதவர்கள் தள்ளி நின்றார்கள். அதற்கும் எங்களிடம் பெயர் இருந்தது: ஒழுங்கு. நானும் ஒழுங்கு என்றுதான் நினைத்தேன். எனக்கு முறுக்கு கிடைத்துக்கொண்டிருந்தது. இன்று அதே காட்சியைச் செல்போனில் யாராவது படம் பிடித்தால் ஊரே கொதிக்கும். கடை அதேதான், முறுக்கும் அதேதான்.

"எங்க பக்கத்துக் கோயில்ல தீர்த்தம் யாருக்கு முதல்ல, யாருக்கு அப்புறம்னு ஒரு கிரமம் இருக்கு பாய்" என்றேன், ஸ்ரீரங்கத்துக்குக் குடிவந்து எட்டு மாதமே ஆனவன் என்ற உண்மையை மறைத்து. "யாரு முன்னாடி வந்தாங்கங்கறது கணக்கு இல்ல."

"பள்ளிவாசல்ல முன்னாடி வந்தவங்க முன்னாடி சார். நான் முதலாளி, நீ வேலைக்காரன்னு அங்க நவுத்த முடியாது. ஆனா வெளிய வந்து செருப்பு மாட்டுறப்ப பாருங்க, பழையபடி ஆயிடும்" என்று சிரித்தார் பாய்.

"எங்க கோயில்ல முன் பெஞ்சு எப்பவும் காலிதான்" என்றார் டீச்சர். "சண்டையெல்லாம் பின் பெஞ்சுக்கு."

வீட்டுக்கு வந்து மனைவியிடம் எல்லாவற்றையும் விவரித்தேன். மறுநாள் நாலே முக்காலுக்குக் கிளம்ப வேண்டும் என்றேன்.

"நாளைக்கு ஆடி வெள்ளி. நான் எங்கயும் வரல. திங்கக்கிழமை போகலாம்."

"நான் மட்டும் போயிட்டு வரேன்."

"போங்க. கல்லு எதுக்குத் தேடுறீங்க?"

"அங்க நல்ல கல்லெல்லாம் சீக்கிரம் போயிடுது."

"அது தோசை மாவுப் பாத்திரத்துக்கு மேல வைக்கிற கல்லுங்க!"

"சாயந்திரம் கொண்டுவந்துடறேன்."

அவள் விளக்கைத் துடைக்கத் திரும்பிய சமயத்தில், பால்கனிப் பூந்தொட்டியில் இருந்த இன்னொரு கல்லையும் எடுத்துப் பையில் போட்டுக்கொண்டேன். ஏன் என்று இன்று வரைக்கும் யோசிக்கிறேன். கடைசி நேரத்தில் அவள் மனசு மாறி வந்தாலும் வரலாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டது நினைவிருக்கிறது. எங்கள் வீட்டில் அவள் மனசு மாறியதாகச் சரித்திரம் இல்லை. ஸ்டோர்ஸில் இருந்தவனுக்கு எதையும் ஒன்று கூடுதலாக வைத்துக்கொண்டால்தான் தூக்கம் வரும். அது நோய்.

வெள்ளிக்கிழமை விடியும்போது போய், டீச்சரின் கருங்கல்லுக்குப் பின்னால் என் இரண்டு கற்களையும் வைத்தேன். டீச்சர் பதினொன்று. நான் பன்னிரண்டு. பதின்மூன்றாவது யாரும் இல்லை.

"ரெண்டா?" என்றார் டீச்சர்.

"வீட்டம்மா வர்றாங்க."

எனக்குப் பின்னால் பாய் பதினான்காவது கல்லை வைத்தார்.

முதல் பஸ்ஸில் ஜீயபுரத்திலிருந்து ஒரு பெண் வந்து சேர்ந்தார். நாற்பது வயசு இருக்கும். வாழைத் தோட்டத்து வேலை. புடவையெல்லாம் வாழைக்கறை. முந்தின நாளும் வந்து டோக்கன் கிடைக்காமல் போனவர். மஞ்சள் பையிலிருந்து வாய்க்காலில் தேய்ந்த மொழுமொழுவென்ற ஒரு கருங்கல்லை எடுத்துக் கடைசியில் வைத்தார். திரும்பிப் பார்த்து, கண்ணாடி போட்டவன் கணக்கில் புலி என்று நினைத்தாரோ என்னவோ, என்னிடம் வந்தார்.

"சார், நான் எத்தனாவதுன்னு கொஞ்சம் எண்ணிச் சொல்றீங்களா?"

நடந்துபோய் எண்ணினேன். இரண்டு தரம் எண்ணினேன். முப்பத்தொன்று.

"முப்பத்தொண்ணும்மா."

அவர் முகம் விழுந்துவிட்டது. "ரேஷன் கடை மிஷின்ல என் கைரேகை விழ மாட்டேங்குது சார். வாழைப்பால் பட்டுப் பட்டு ரேகையே போயிடுச்சு. ரெண்டு மாசம் கடைக்காரர் நோட்டுல கையெழுத்து வாங்கிட்டு அரிசி குடுத்துட்டார், பாவம். இந்த மாசம் ரேகையப் புதுப்பிச்சுட்டு வாங்கன்னுட்டார். நாளையிலேர்ந்து வாழைத்தார் வெட்டு. பத்து நாளைக்கு மேஸ்திரி எங்கயும் விட மாட்டார். இன்னிக்கு விட்டா இந்த மாச அரிசி போச்சு."

அந்த இடத்தில் நான் ஒரே ஒரு வாக்கியம் சொல்லியிருக்கலாம்: 'அம்மா, பதின்மூணாவது கல் சும்மா இருக்கு, நீங்க முப்பதுதான்.' அதைச் சொல்ல எனக்கு அவமானமாக இருந்தது. டீச்சர் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தார். ஆகவே, "இருங்கம்மா, யாராச்சும் வராமப் போயிடுவாங்க" என்று ஆறுதல் சொன்னேன். ஒன்பதரைக்குச் சற்று முன்னால் இரண்டாவது கல்லை நைசாக எடுத்துப் பைக்குள் போட்டுவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்பது என் திட்டம். பாவத்தையும் பரிகாரத்தையும் ஒரே பையில் போட்டுக்கொண்டு போகிற திட்டம். அவருக்குப் பின்னால் வந்த இரண்டு மூன்று பேர் எண்ணிப் பார்த்துவிட்டுப் போய்விட்டார்கள். அவர் மட்டும் என் வார்த்தையை நம்பி உட்கார்ந்திருந்தார்.

எட்டரை மணிக்கு டீக்கடையில் ஒரு மீசைக்காரர் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். அடர்த்தியான, நன்றாகச் சீவிய மீசை. என் சட்டைப் பையிலிருந்த பழைய தொழிற்சாலைப் பேனாவைப் பார்த்துவிட்டார்.

"அட, நீங்க நம்ம ஃபேக்டரியா? நான் பெயின்ட் ஷாப்!"

அவ்வளவுதான். ஐந்து நிமிஷத்தில் கேன்டீன் சாம்பார், போனஸ் ஊர்வலம், எந்த ஃபோர்மேனுக்கு எப்போது வழுக்கை விழுந்தது என்பது வரைக்கும் போய்விட்டோம். பிறகு அவர் கற்களைப் பார்த்துப் பெருமூச்சு விட்டார். "இப்பதான் வரேன். இன்னிக்குக் கிடைக்காது போல."

எங்கள் கேன்டீன் வரிசையில் ஒரு தர்மம் இருந்தது. தட்டை முன்னால் வைத்துவிட்டு, "இவர் இப்ப வந்துடுவார்" என்று சொன்னால் போதும். நண்பனுக்கு இடம் பிடிக்கிறவன்தான் மனுஷன். பிடிக்காதவன் கல்யாணத்துக்கு யாரும் போக மாட்டோம். பின்னால் நிற்கிறவன் யார், அவனுக்கு வடை கிடைத்ததா என்பதெல்லாம் எங்கள் அறநூலில் இல்லாத அத்தியாயம். அந்தப் பயிற்சி எனக்குள் வேலை செய்தது.

"கவலைப்படாதீங்க" என்றேன், கர்ண மகாராஜா மாதிரி. "பதின்மூணாவது கல்லு உங்களுது."

கொடுத்த அந்த நிமிஷத்தில் என் மனசு எவ்வளவு நிறைந்திருந்தது என்பதை மறைக்காமல் சொல்ல வேண்டும். வெகு நாளாக நான் அவ்வளவு நல்லவனாக இருந்ததில்லை.

ஒன்பதரைக்கு வாட்ச்மேன் டோக்கன் கொடுத்தார். ஆட்கள் அவரவர் கல்லுக்கு மேல் நின்றார்கள். பதினொன்று டீச்சர். பன்னிரண்டு நான். பதின்மூன்று மீசை. பதினான்கு பாய். அப்படியே போய், முப்பதில் கை நின்றது. முப்பத்தொன்றாவது கல்லின் மேல் அந்தப் பெண் நின்றுகொண்டிருந்தார். குனிந்து தன் கல்லை எடுத்து, மண்ணைத் தட்டி, மஞ்சள் பைக்குள் வைத்தார்.

டீச்சர் திரும்பி என்னையும் எனக்குப் பின்னால் நின்றவரையும் மேலும் கீழும் பார்த்தார்.

"என்ன சார், வீட்டம்மா வர்றாங்கன்னீங்க. வீட்டம்மாவுக்கு மீசை இருக்கே?"

வரிசை முழுக்கச் சிரித்தது. நானும் சிரித்தேன். எனக்கு அது ஒரு வியாதி, என்னைப் பற்றிய நல்ல ஜோக் என்றால் யார் சொன்னாலும் சிரித்துவிடுவேன். அந்தப் பெண்ணும் சிரித்தார். சிரிப்பு பாதியில் நின்றது. அவர் விரல் மடக்கி ஏதோ கணக்குப் போடுவது தெரிந்தது. பிறகு என்னைப் பார்த்தார். காலையில் எண்ணிச் சொன்னவன் நான்தானே.

"நம்ம ஆளுங்க பாய்" என்று அவரை விட்டுவிட்டுப் பாயிடம் முறையிட்டேன். "பழைய ஃபேக்டரி. தெரிஞ்சவருக்கு ஒரு உதவி பண்றது தப்பா?"

"உதவிதான் சார், யாரு இல்லைன்னா? ஆனா சட்டையக் கழட்டிக் குடுத்தீங்களே, அது யாரு சட்டைன்னு பாத்தீங்களா?"

தையல்காரர் அல்லவா, அளவு சரியாக இருந்தது.

வெட்கமா, இல்லை இத்தனை கண்களா, எது என்னைத் தள்ளியது என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை. அந்த அம்மாவிடம் போய் என் பன்னிரண்டாம் நம்பர் டோக்கனை நீட்டினேன். "தப்பு என்னோடதும்மா. நீங்க போங்க. நான் திங்கக்கிழமை வந்துக்கறேன்."

கதை இங்கே முடிந்திருந்தால் எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும். அவர் கையை நீட்டவே இல்லை.

"வேணாங்க சார்."

"ஏம்மா? இன்னிக்கு விட்டா அரிசி போச்சுன்னீங்களே?"

"அதுக்காக? நான் வந்தது எல்லாருக்கும் கடைசில. பன்னெண்டாவதா உள்ள போனா, எனக்கு முன்னாடி இருட்டுல வந்து கல்லு வச்சவங்கல்லாம் என்ன நெனப்பாங்க? நீங்க பண்ணதையே நானும் பண்ணதா ஆகாதா? எனக்கு வேண்டியது முப்பது. முப்பது குடுங்க, வாங்கிக்கறேன்."

அந்த வேப்பமரத்தடியில் அவ்வளவு நேரம் நியாயம் பேசிய எங்களுக்கெல்லாம் தோன்றாத நியாயம் அது. அரிசியை இழக்கப்போவது அவர்தான். நியாயத்தின் நுணுக்கம் தெரிந்ததும் அவருக்குத்தான்.

டீச்சர்தான் வழி சொன்னார். "எல்லாரும் ஒரு படி முன்னாடி நகருவோம். சார் டோக்கனை அவருக்குப் பின்னாடி இருக்கவர்கிட்ட குடுக்கட்டும். அவர் தன்னோடத அடுத்தவருக்கு. அப்படியே போனா கடைசில இவங்க கைல முப்பது வரும். நான் பதினொண்ணு, எனக்கு லாபமும் இல்ல நஷ்டமும் இல்ல. அதான் மூளை வேலை செய்யுது."

பத்தொன்பது டோக்கன்கள் கை மாறின. கிணற்றிலிருந்து வாளி கொடுப்பதைப் போல ஒவ்வொருவரும் முன்னாலிருந்து வாங்கி, பின்னால் கொடுத்தார்கள். ஒருவர் இரண்டையும் வைத்துக்கொண்டு முழித்தார். ஒருவர் தன்னுடையதையே தனக்குக் கொடுத்துக்கொண்டார். "என்னங்க பண்றீங்க, டோக்கன வச்சு ரம்மி ஆடுறீங்களா?" என்று வாட்ச்மேன் ஓடி வந்தார். விஷயத்தைச் சொன்னதும் அவரே நடுவில் நின்று சரி பார்த்தார். முப்பதாம் நம்பர் அந்தப் பெண்ணின் கைக்குப் போய்ச் சேர்ந்தபோது யாரோ கை தட்டினார்கள்.

இதில் ஒரு விஷயத்தை எல்லோரும் தாமதமாகத்தான் கவனித்தோம். பதின்மூன்றிலிருந்த மீசைக்காரர் இப்போது பன்னிரண்டு. நியாயம் வந்து சேர்ந்தது. வருகிற வழியில் அவரையும் ஒரு படி முன்னால் ஏற்றிவிட்டு வந்தது. "பெரிய மனசு சார் உங்களுக்கு" என்று அவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். குலுக்கிக்கொண்டேன்.

எனக்கு அங்கே வேலை இல்லை. ஆனாலும் வீட்டுக்குப் போக மனம் வரவில்லை. ரேகை விழாவிட்டால் இவ்வளவு கூத்தும் எதற்கு? டீக்கடையிலேயே மூன்று மணி வரைக்கும் உட்கார்ந்திருந்தேன். கடைசி ஆளாக உள்ளே போனவர், கைகளைப் பார்த்துக்கொண்டே வெளியே வந்தார்.

"என்னம்மா ஆச்சு?"

"கைய நல்லாத் தொடச்சுத் தொடச்சு வைக்கச் சொன்னாங்க சார். ஏழு விரல் விழுந்துருச்சு. போதுமாம். கண்ணையும் படம் எடுத்துக்கிட்டாங்க." நடந்தவர் நின்று, பையிலிருந்து அந்த மொழுமொழு கல்லை எடுத்து என்னிடம் நீட்டினார். "எனக்கு இனி வேணாம். திங்கக்கிழமை வருவீங்கல்ல, வச்சுக்குங்க. ஒண்ணு போதும்ல சார்?"

"போதும்மா."

பஸ் ஏறும் வரைக்கும் அவர் சிரித்துக்கொண்டே போனதைப் பார்த்தேன்.

திங்கட்கிழமை மனைவியோடு போனேன். பாதி உண்மையை மட்டும் அவளிடம் சொல்லியிருந்தேன்: டோக்கன் தீர்ந்துவிட்டது என்ற பாதியை. தோசை மாவுக் கல்லை அவள் தன் கையால் வைத்தாள். நான் ஜீயபுரத்துக் கல்லை வைத்தேன். எல்லாம் புது முகங்கள். முன்னால் நின்ற ஹெல்மெட் போட்ட இளைஞர் எங்களைப் பார்த்து, அறிந்தவர் தோரணையில் சொன்னார்.

"ஒரு ஆளுக்கு ஒரு கல்லுதான் சார். வச்ச ஆளே நிக்கணும். ஆள் மாத்தக் கூடாது."

"அப்படியா? யாரு போட்ட சட்டம்?"

"இங்க எப்பவும் அப்படித்தான் சார்."

எப்பவும்! மூன்றே நாள் ஆகியிருந்தது. தண்ணி பாட்டில் காற்றில் ஓடியதும், நாய் செருப்பைத் தூக்கியதும் அவருக்குத் தெரியாது. எந்த நாகரிகத்தின் எந்த விதிக்கு அடியிலும் தோண்டிப் பார்த்தால் ஒரு காற்றோ, ஒரு நாயோ, என்னைப் போன்ற ஒருத்தனோ அகப்படுவான் போலிருக்கிறது. பெரிய விதிகளுக்கு அடியில் எப்பேர்ப்பட்டவர்கள் கிடக்கிறார்களோ என்று யோசித்துக்கொண்டிருந்தேன். அதற்குள் இளைஞர் தொடர்ந்தார்.

"முன்ன எவனோ ஒரு ஸ்ரீரங்கத்துக்காரன் அஞ்சு கல்லு வச்சுட்டானாம் சார். அஞ்சையும் தெரிஞ்சவங்களுக்குக் குடுத்துட்டானாம். பாவம் ஒரு அம்மா அழுதுட்டே போச்சாம்."

"அஞ்சு இல்லப்பா, ரெண்டுதான்!" என்று என் வாய் சொல்லிவிட்டது. "அழவும் இல்ல. டோக்கன் கெடச்சுது."

ஸ்டோர்ஸ்காரனுக்கு எண்ணிக்கை தப்பாகச் சொன்னால் பொறுக்காது.

இளைஞர் ஹெல்மெட்டைக் கழற்றினார். மனைவி என்னைப் பார்த்தாள், என் கல்லைப் பார்த்தாள், மறுபடி என்னைப் பார்த்தாள்.

"அதான் வெள்ளிக்கிழமை பூந்தொட்டிக் கல்லையும் காணோமா?" என்றாள்.